மெல்லினம் தொலைத்த மொழி

பழைய தமிழ்ப் படங்களில் வெள்ளைக்காரத் துரை வந்தால் எப்படிப் பேசுவார்? "எனக்கு டமில் டெரியும்" என்பார். நடிக்கிறவருக்கு இதற்கென்று தனிப் பயிற்சி வேண்டாம். 'த' வருகிற இடத்தில் 'ட' போடு, 'ழ' வருகிற இடத்தில் 'ல' போடு, துரை தயார். நிஜத் துரைகள் எல்லோரும் அப்படித்தான் பேசினார்களா என்று யாரும் கேட்பதில்லை. நம் காதுக்கு அந்நியம் என்றால் அதுதான்.

பசிபிக் பெருங்கடலில் பூகன்வில் என்றொரு தீவு. அங்கே மலைப்பகுதியில் ரொட்டோகாஸ் என்ற மொழி பேசுகிறவர்களுக்கும் இதே மாதிரி ஒரு கேலி இருக்கிறது. வெளியாள் ஒருவர் தங்கள் மொழியைத் தட்டுத்தடுமாறிப் பேசுவதை நடித்துக் காட்டும்போது, பேச்சுக்கு நடுவே 'ம்', 'ன்' ஒலிகளைத் தூவிவிடுவார்கள். அந்த வெளியாள் உண்மையிலேயே 'ம்' சொன்னாரா என்பது பொருட்டில்லை. அவர்கள் காதில் அந்நியம் என்றால் மூக்கொலி. ஏனென்றால், தங்கள் சொந்தப் பேச்சில் அவர்கள் 'ம்', 'ன்' ஒலிகளைக் கிட்டத்தட்டப் பயன்படுத்துவதே இல்லை.

இதைக் குறித்துவைத்தவர்கள் இர்வின் ஃபிர்ச்சோ, ஜாக்குலின் ஃபிர்ச்சோ என்ற தம்பதி. அந்த மக்களோடு இருந்து மொழியைப் படித்து, அதன் ஒலிகளைப் பற்றி 1969-இல் எழுதினார்கள். உலகத்திலேயே மிகக் குறைந்த ஒலிகள் கொண்ட மொழிகளின் பட்டியலில் ரொட்டோகாஸ் அன்றிலிருந்து நிரந்தரமாக இடம்பிடித்துவிட்டது. வினாடிவினாப் புத்தகங்களில் "மிகச் சிறிய அரிச்சுவடி எது?" என்ற கேள்விக்கு விடையாக வருவது இதுதான்.

வினாடிவினா விடையோடு நின்றுவிட்டால் சுவாரஸ்யமான பகுதி தவறிப்போகும். பக்கத்துப் பள்ளத்தாக்கில் இதே மொழியின் இன்னொரு வழக்கு இருக்கிறது. அங்கே 'ம்', 'ன்' எல்லாம் சாதாரணமாகப் புழங்குகின்றன. அதைப் பார்ப்பதற்கு முன்னால் இரண்டு மூன்று விஷயங்களைச் சரிசெய்துகொள்ள வேண்டும்.

முதலில் இடம். பூகன்வில், சாலமன் தீவுக்கூட்டத்தின் வடமேற்குக் கோடியில் இருக்கிறது. அரசியல்படி பப்புவா நியூ கினி நாட்டின் தன்னாட்சிப் பகுதி. தீவின் நடுவே முதுகெலும்பு மாதிரி மலைகள், எரிமலைகள். மிக உயரமானது பால்பி, 2,715 மீட்டர். கிழக்குக் கரையில் இருக்கும் வகுனாய்க்கு மேற்கே, உள்ளே ஏறிப்போகும் மலைப்பகுதிதான் ரொட்டோகாஸ்காரர்களின் நிலம். 1981-இல் எடுத்த ஒரு கணக்கு, பேசுவோர் 4,320 பேர் என்கிறது. நம்மூரில் ஒரு பெரிய கிராமம், அவ்வளவுதான்.

அடுத்து, 'பப்புவா மொழி' என்ற பெயர். திராவிட மொழிகள் என்று சொன்னால் அவை ஒரே குடும்பம், ஒரே தாயிலிருந்து பிரிந்தவை என்று அர்த்தம். பப்புவா மொழிகள் அப்படி இல்லை. நியூ கினியிலும் சுற்றியுள்ள தீவுகளிலும் இரண்டு வகை மொழிகள் பேசப்படுகின்றன. மலாய், பிலிப்பைன்ஸ் மொழிகள், ஹவாய் மொழி எல்லாம் சேர்ந்த ஆஸ்ட்ரோனேசியக் குடும்பம் ஒன்று. அதில் சேராத மீதியெல்லாம் 'பப்புவா'. தேர்தல் முடிவில் கடைசி வரியில் 'மற்றவை' என்று போடுவார்களே, அதுபோல. இந்த 'மற்றவை'க்குள் சுமார் 800 மொழிகள், பல தனிக் குடும்பங்கள், எந்தக் குடும்பத்திலும் சேராத ஒற்றை மொழிகள் எல்லாம் அடக்கம். பூகன்விலில் மட்டுமே பப்புவா வகையில் இரண்டு குடும்பங்கள் உண்டு, வடக்கு ஒன்று, தெற்கு ஒன்று. இரண்டுக்கும் உறவு இருப்பதாக யாரும் நிறுவவில்லை. ரொட்டோகாஸ் வடக்குக் குடும்பத்தைச் சேர்ந்தது. கரையோரங்களில் ஆஸ்ட்ரோனேசிய மொழிகளும் உண்டு. தீவின் மொத்தப் பரப்பு சுமார் 9,300 சதுர கிலோமீட்டர்தான்.

சரி, இப்போது ஒலிக்கு வருவோம். "இந்த மொழியில் ஆறே ஆறு மெய்கள்தான்" என்று ஒருவர் சொன்னால், அந்த மக்கள் வாயிலிருந்து ஆறு மெய்யொலிதான் வரும் என்று நினைத்துவிடக் கூடாது. இதைப் புரிந்துகொள்ளத் தமிழனுக்கு அதிகச் சிரமம் இருக்காது. 'கண்', 'தங்கம்', 'மகன்' என்று மூன்று சொற்களை வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். மூன்றிலும் ஒரே எழுத்து, க. ஆனால் ஒலி மூன்று. 'கண்'ணில் வன்மையாக வருகிறது. 'தங்க'த்தில் தொண்டை அதிர்கிறது. 'மக'னில் அடிநாக்கு அண்ணத்தைச் சரியாகத் தொடுவதுகூட இல்லை, பலருக்கு அது 'ஹ' பக்கம் போய்விடுகிறது. தமிழ் படிக்கும் வெளிநாட்டவர் முதல் வாரத்திலேயே இதைக் கண்டுபிடித்துக் கேட்பார். நமக்கோ, அவர் கேட்கும்வரை இப்படி ஒன்று இருப்பதே தெரியாது. காரணம், எந்த இடத்தில் எந்த 'க' வரும் என்பதை இடமே முடிவு செய்துவிடுகிறது. ஒன்றை மாற்றி இன்னொன்றைச் சொன்னால் உச்சரிப்பு விகாரமாக இருக்குமே தவிர, பொருள் மாறாது.

மலை, வலை, தலை, கலை என்று போனால் கதை வேறு. முதல் ஒலி மாறினால் சொல்லே மாறிவிடுகிறது. இப்படிப் பொருளை மாற்றும் சக்தி உள்ள ஒலிக்கு மொழியியலில் ஒலியன் என்று பெயர். ஒரே ஒலியன் இடத்துக்கு இடம் போட்டுக்கொள்ளும் வேஷங்களுக்கு மாற்றொலி என்று பெயர். ஆக, ஒரு மொழியில் எத்தனை ஒலி என்று எண்ணும்போது நாம் எண்ணுவது ஆட்களை. ஓர் ஆளிடம் எத்தனை சட்டை இருந்தாலும் கணக்கு ஒன்றுதான்.

ரொட்டோகாஸின் மைய வழக்கில் மெய் ஒலியன்கள் ஆறு. நம் இலக்கணப் பழக்கத்தில் சொன்னால், ப், த், க் என்று மூன்று வல்லினம். தொண்டை அதிராத ஒலிகள். மற்ற மூன்றும் அதே மூன்று இடங்களில் தொண்டை அதிரப் பிறப்பவை: உதட்டில் ஒன்று, நுனிநாக்கில் ஒன்று, அடிநாக்கில் ஒன்று. இவற்றை வ், ர், அப்புறம் 'தங்க'த்தில் வரும் க் என்று எழுதிக்கொள்ளலாம். அந்த 'வ்' நாம் சொல்வது போல மேல்பல் கீழுதட்டைத் தொடுவது இல்லை. இரண்டு உதடும் நெருங்கி வந்து, தொடாமல், நடுவே காற்று உரசிப் போகும். 'கோபம்' என்று அவசரமாகச் சொல்லும்போது நம் வாயில் வரும் தளர்ந்த 'ப' அதற்கு ரொம்ப நெருக்கம்.

உயிர் ஐந்து: அ, எ, இ, ஒ, உ. குறில் நெடில் உண்டு. நெடிலுக்குத் தனி எழுத்து கிடையாது, குறிலையே இரண்டு முறை எழுதுவார்கள்.

மேலே சொன்ன அதிரும் மூன்று ஒலியன்களுக்கும் சட்டைகள் நிறைய. உதட்டொலி சில சமயம் 'வ்', சில சமயம் 'அம்பு' என்பதில் வரும் ப், எப்போதாவது 'ம்'. நுனிநாக்கு ஒலி 'ர்' ஆகவும் வரும், 'ல்' ஆகவும் வரும், 'பந்து' என்பதில் வரும் த் போலவும் வரும், அரிதாக 'ன்' ஆகவும் வரும். அடிநாக்கு ஒலிக்கும் 'ங்' வரை ஒரு நீட்சி உண்டு. எதைச் சொன்னாலும் சொல் மாறாது. வல்லினத்தை மட்டும் தனியே வைத்துக்கொண்டு, நம் மெல்லினம், இடையினம் இரண்டையும் ஒரே கூடையில் கொட்டிக் கலந்துவிட்ட மொழி என்று வைத்துக்கொள்ளலாம்.

'ர', 'ல', 'ன' மூன்றும் ஒன்றா என்று மலைப்பாக இருக்கும். மூன்றுக்கும் நாக்கு நிற்கும் இடம் ஏறக்குறைய ஒன்றுதான். தொட்டு உடனே எடுத்தால் 'ர'. தொட்டபடி நிறுத்தி ஓரங்களில் காற்றை விட்டால் 'ல'. மூக்கைத் திறந்துவிட்டால் 'ன'. மூக்கு விஷயத்துக்கு ஒரு சோதனை இருக்கிறது. மூக்கை விரலால் இறுக்கிப் பிடித்துக்கொண்டு "மாமா" என்று சொல்லிப் பாருங்கள். வெளியே வருவது மாமா இல்லை. 'அம்பு'வில் வரும் 'ப' போட்ட "பாபா". கடும் சளி பிடித்தவர் "மணி என்ன?" என்று கேட்டாலும் இப்படித்தான் கேட்கும். வாயில் நடக்கும் வேலை இரண்டுக்கும் ஒன்று, மூக்குக் கதவு திறந்திருக்கிறதா மூடியிருக்கிறதா என்பது மட்டுமே வித்தியாசம். ஆகவே ஒரு மொழி தன் 'ம'வைத் தொலைக்க வேண்டுமென்றால், அது போய்ச் சேரக்கூடிய மிக அருகாமை வீடு இந்த அதிரும் 'ப'தான். வட அமெரிக்காவின் வடமேற்குக் கரையில் லுஷூட்சீட், குவிலியூட் போன்ற சில மொழிகளில் இதே மாற்றம் நடந்திருக்கிறது. அவற்றுக்கும் பூகன்விலுக்கும் எந்தச் சம்பந்தமும் கிடையாது. மூக்கும் வாயும் எல்லோருக்கும் ஒரே அமைப்பு என்பதுதான் சம்பந்தம்.

நான் ரொட்டோகாஸை முதலில் சந்தித்தது மொழியியல் புத்தகத்தில் இல்லை. பைத்தான் நிரல்மொழி கற்றுக்கொண்டிருந்தபோது. மனித மொழிகளைக் கணினியில் அலச உதவும் என்.எல்.டி.கே. என்ற இலவசக் கருவித் தொகுப்பில், மாதிரிக்காக ரொட்டோகாஸ் அகராதியின் ஒரு பகுதியையும் சேர்த்து வைத்திருக்கிறார்கள். எந்த மெய்யை அடுத்து எந்த உயிர் எத்தனை முறை வருகிறது என்று எண்ணிப் பார்ப்பது அதில் ஒரு பயிற்சி. நாலு வரி நிரல். எண்கள் வந்து விழுந்ததும் கொஞ்ச நேரம் அப்படியே பார்த்துக்கொண்டிருந்தேன்.

ரொட்டோகாஸை ரோமன் எழுத்தில் எழுதுகிறார்கள். அதில் 'டி' என்ற எழுத்து 'த்' ஒலிக்கு, 'எஸ்' என்ற எழுத்து 'ஸ்' ஒலிக்கு. அந்த அகராதிப் பகுதியில் 'த'கரம் அகரத்தோடு 47 முறை, எகரத்தோடு 8, ஒகரத்தோடு 148, உகரத்தோடு 37. இகரத்தோடு? பூஜ்யம். அடுத்த வரிசையில் 'ஸ'கரம் அகரத்தோடு பூஜ்யம், எகரத்தோடு பூஜ்யம், ஒகரத்தோடு 2, உகரத்தோடு 1. இகரத்தோடு 100. அந்த மூன்று விதிவிலக்கைத் தள்ளிவிட்டால், ஒன்று இருக்கும் இடத்தில் மற்றது இல்லை. ஒரே வீட்டில் பகல் வேலைக்குப் போகிறவரும் இரவு வேலைக்குப் போகிறவரும் மாதிரி, இரண்டு பேரையும் சேர்ந்து பார்க்கவே முடியாது. அப்படியானால் இரண்டு பேர்தானா, ஒரே ஆளா? ஒரே ஆள்தான். 'த்' என்ற ஒலியன், இகரத்துக்கு முன்னால் மட்டும் 'ஸ்' சட்டையை மாட்டிக்கொள்கிறது.

அந்த 'ஸு' ஒன்றே ஒன்று எங்கிருந்து வந்தது என்று தேடினால், 'கசுஅரி' என்ற சொல். காசோவரிப் பறவை. வெளியிலிருந்து கடனாக வந்த சொல். விதியை மீறுகிற சொல் வெளியூர்ச் சொல்லாகத்தான் இருக்கும் என்று சந்தேகப்பட்டால் பெரும்பாலும் சரியாக இருக்கும். 'ர'வில் தொடங்கும் சொல்லைக் கண்டால் நாம் சந்தேகப்படுவதில்லையா, அப்படி.

இகரம் ஏன் தகரத்தை இப்படிப் படுத்துகிறது? 'இ' சொல்ல நாக்கு மேலே எழும்பி அண்ணத்தை நெருங்க வேண்டும். 'த்' சொல்லும்போதே நாக்கு அடுத்த வேலைக்குக் கிளம்பிவிடுவதால் ஒலி உரசலாகிவிடுகிறது. நம் வீட்டிலும் இதற்குச் சொந்தக்காரன் ஒருவன் இருக்கிறான். 'படித்தான்' என்று எழுதுகிறோம், 'படிச்சான்' என்று பேசுகிறோம். அடித்து, அடிச்சு. வைத்து, வச்சு. நமக்கு இகரம் முன்னால் நின்று இழுக்கிறது, அவர்களுக்குப் பின்னால் நின்று இழுக்கிறது. வேலை ஒன்றுதான்.

ரொட்டோகாஸ் அரிச்சுவடியில் எத்தனை எழுத்து என்ற கேள்விக்குச் சிலர் 11 என்றும் சிலர் 12 என்றும் சொல்வதற்கும் இந்த 'ஸ்'தான் காரணம். ஒலியன்கள் ஆறு மெய், ஐந்து உயிர், ஆக 11. ஆனால் எழுதும்போது 'எஸ்' என்ற எழுத்தையும் சேர்த்துக்கொள்கிறார்கள், ஆக 12. ஏ, ஈ, ஜி, ஐ, கே, ஓ, பி, ஆர், எஸ், டி, யூ, வி. இவ்வளவுதான் மொத்த அரிச்சுவடி. நம் உயிரெழுத்துகள் மட்டுமே 12. 'எஸ்' விதிவிலக்காக வேறு இடத்தில் வருவதும் உண்டு. 'ரொட்டோகாஸ்' என்ற பெயரே அப்படிப்பட்டதுதான். சொந்த மொழியின் விதிக்கு அடங்காத பெயரைத் தலையில் சுமக்கும் மொழி.

அது ஏன் விதிக்கு அடங்காது என்றால், அந்த மொழியில் எந்தச் சொல்லும் மெய்யில் முடியாது. இரண்டு மெய்கள் அடுத்தடுத்து நிற்கவும் முடியாது. ஒன்று தனி உயிர் வரும், இல்லாவிட்டால் மெய்யும் உயிரும் சேர்ந்த உயிர்மெய் வரும். மெய்ம்மயக்கம் என்று நாம் பள்ளியில் படித்த தலைவலியே கிடையாது.

உயிர்களுக்கோ எந்தக் கட்டுப்பாடும் இருப்பதாகத் தெரியவில்லை. உணவுக்கு அவர்கள் சொல் 'அஇஒஅ'. நான்கு உயிர்கள் வரிசையாக, நடுவில் ஒரு மெய்கூட இல்லை. தமிழில் இரண்டு உயிர் சந்தித்தாலே 'ய்' அல்லது 'வ்' ஓடிவந்து நடுவில் உட்கார்ந்துவிடும், உடம்படுமெய். இந்தச் சொல்லைத் தமிழ் வாயில் போட்டால் 'அயியொவ' என்று ஆகிவிடும். தவளைக்கு 'கக்கரஉ'. கைக்காப்புக்கு 'கக்கர'. சின்னது என்பதற்கு 'கக்கஎ'. இங்கே 'க்க' என்று நான் இரட்டிப்பது, வன்மையான ஒலி என்று காட்ட மட்டுமே. ஒற்றைக் 'க' போட்டால் நாம் பழக்கத்தில் மென்மையாக்கிவிடுவோம்.

இவ்வளவு குறைந்த ஒலிகளை வைத்துக்கொண்டு போதுமான சொற்களை எப்படி உருவாக்குகிறார்கள்? கணக்குப் போட்டுப் பார்க்கலாம். ஆறு மெய்யும் ஐந்து உயிரும் பெருக்கினால் 30 உயிர்மெய், தனி உயிர் 5, மொத்தம் 35 அசைகள். ஈரசைச் சொற்கள் 35 பெருக்கல் 35, அதாவது 1,225. மூவசை என்றால் 42,875. நான்கு அசைக்கு 15,00,625. ஓர் அசை கூட்டினால் போதும், இடம் தாராளமாகக் கிடைத்துவிடும். விலை, சொற்கள் நீளமாவது. அப்புறம் ஒரே ஒலிக்குப் பல பொருள் வருவது. அந்த அகராதிப் பகுதியில் முதல் மூன்று சொற்களும் 'கா'தான். முதல் 'கா'வுக்குத் தொண்டையில் உணவு அடைத்துக்கொள்வது என்று பொருள். இரண்டாவது 'கா', கழுத்தை நெரிப்பது. மூன்றாவது, சமையலுக்கு உதவும் வாழைக்காய். நாம் வாழைக்'காய்' என்பதையும் இந்தக் 'கா'வையும் முடிச்சுப் போட்டு யாராவது ஆராய்ச்சி வெளியிடுவதற்கு முன்னால் சொல்லிவிடுகிறேன், அது தற்செயல்.

ஒரு முழு வாக்கியம் பாருங்கள்.

ஒசிரெஇத்தொஅரெஇ அவுக்கவ இஅவ உருருப்பவிர தொஉப்பசிவெஇர.

கிழவியின் கண்கள் மூடியிருக்கின்றன என்று பொருள். முதல் சொல் இரண்டு கண்கள். 'அவுக்கவ' கிழவி. 'இஅவ' என்பது 'உடைய' மாதிரி, பெயருக்குப் பின்னால் வந்து ஒட்டுவது. 'உருருப்பவிர' என்பதில் 'விர' என்ற கடைசித் துண்டு நம் 'ஆக' போல. மேலே பார்த்த 'கக்கஎ'வோடும் அது சேரும், 'கக்கஎவிர' என்றால் சின்னதாக. வினைச்சொல் கடைசியில் வருகிறது. நமக்குப் பழக்கமான ஒழுங்குதான், 'கண்கள்' முன்னால் வந்து 'கிழவியுடைய' பின்னால் போவதைத் தவிர. வாய்விட்டுப் படித்தீர்களானால் ஒன்று கவனித்திருப்பீர்கள். இவ்வளவு நீள வாக்கியத்தில் உதடு மூடி மூக்கு வழியே போகும் ஒலி ஒன்றுகூட இல்லை.

இனி பக்கத்துப் பள்ளத்தாக்கு.

1963-இல் பூகன்வில் மொழிகளைக் கணக்கெடுத்த ஆலன், ஹர்ட் என்ற இரு ஆய்வாளர்கள், ரொட்டோகாஸில் மூன்று வட்டார வழக்குகளைப் பிரித்தார்கள்: மைய வழக்கு, ஐத்தா, பிப்பிப்பாயா. நான்காவதாக ஒரு கிராமத்தின் பேச்சு எதில் சேரும் என்று அவர்களால் உறுதியாகச் சொல்ல முடியவில்லை. ஃபிர்ச்சோ தம்பதி எழுதியதும், வினாடிவினாவில் புகழ்பெற்றதும் மைய வழக்குத்தான். மற்றவை அந்தப் புகழின் நிழலில் இருந்தன. நடுவே 1988 முதல் 1998 வரை தீவு ஒரு கொடிய போரையும் பார்த்தது. ஸ்டூவர்ட் ராபின்சன் என்ற மொழியியலாளர் ஐத்தா வழக்கின் ஒலியன்களைப் பற்றி எழுதியது 2006-இல்.

ஐத்தாவில் மெய்கள் ஆறில்லை, ஒன்பது. மூன்று வல்லினம், மூன்று அதிரும் ஒலி, அவற்றோடு தனியாக மூன்று மூக்கொலி. உதட்டில் மூன்று, நுனிநாக்கில் மூன்று, அடிநாக்கில் மூன்று. 'ம்' என்பது இங்கே சட்டை அல்ல, ஆள். எப்படித் தெரியும்? மலை, வலை சோதனைதான். ஐத்தாவில் 'புத்த' என்றால் நேரம் ('அம்பு'வில் வரும் 'பு' போட்டுச் சொல்ல வேண்டும்). 'முத்த' என்றால் ருசி. முதல் ஒலியைத் தவிர மற்றதெல்லாம் ஒன்று. மாற்றினால் பொருள் மாறுகிறது. வழக்கு முடிந்தது, இரண்டும் தனித்தனி ஒலியன்கள்.

இப்போது கேள்வி வருகிறது. ஒரே மொழியின் இரண்டு வழக்குகள், ஒன்றில் மூக்கொலி உண்டு, ஒன்றில் இல்லை. எது பழையது? மைய வழக்கு புதிதாகத் தொலைத்ததா, ஐத்தா புதிதாகச் சேர்த்துக்கொண்டதா?

பேசினவர்கள் யாரும் ஒலிநாடா வைத்துவிட்டுப் போகவில்லை. ஆனாலும் கண்டுபிடிக்க ஒரு வழி இருக்கிறது. அதை விளக்க நம் ழகரத்தை விட நல்ல உதாரணம் எனக்குத் தெரியாது. பேச்சில் 'ழ' இல்லாமல் 'ள' மட்டும் உள்ள குடும்பத்தில் வளரும் பிள்ளையை நினைத்துக்கொள்ளுங்கள். அதன் காதில் பழமும் 'பளம்', பள்ளமும் 'பள்ளம்'. மழை 'மளை', வளை 'வளை'. ழகரம் சொல்லத் தெரிந்த ஒருவர் அந்தப் பிள்ளையைப் போலப் பேச வேண்டுமென்றால் ஒரே விதி போதும், எல்லா 'ழ'வையும் 'ள' ஆக்கு. ஒரு தவறுகூட வராது. அந்தப் பிள்ளை இந்தப் பக்கம் வர முயன்றால்? எந்த 'ள'வை 'ழ' ஆக்குவது, எதை விடுவது என்று சொல்ல விதியே கிடையாது. ஒவ்வொரு சொல்லாக மனப்பாடம் செய்ய வேண்டும். அவசரப்பட்டால் 'வாழ்க்கை' சரியாக வரும், 'பள்ளி' 'பழ்ழி' ஆகிவிடும். தமிழாசிரியர்களின் சிவப்பு மை பெருமளவு செலவாவது இந்த ஒருவழிப் பாதையில்தான்.

ஐத்தாவுக்கும் மைய வழக்குக்கும் நடுவே இருப்பதும் அதே ஒருவழிப் பாதை. ஐத்தாச் சொல்லைக் கொடுத்தால் மைய வழக்கில் அது எப்படி ஒலிக்கும் என்று சொல்லிவிடலாம்: அதிரும் 'ப்', 'ம்' இரண்டும் ஒரே உதட்டொலியில் போய் விழும், மற்ற இரண்டு இடங்களிலும் அப்படியே. மையச் சொல்லைக் கொடுத்து ஐத்தா வடிவம் கேட்டால் சொல்ல முடியாது. ஒரு கூடையில் கலந்துவிட்ட பிறகு எது எங்கிருந்து வந்தது என்று கூடைக்குத் தெரியாது. ஆகவே பொது மூதாதை ஐத்தாவைப் போலத்தான் இருந்திருக்க வேண்டும். மூக்கொலிகள் தனியே இருந்தன. மைய வழக்கு பிற்காலத்தில் அவற்றை மற்றவற்றோடு கரைத்துவிட்டது.

இது சின்ன விஷயமாகத் தோன்றலாம். 'உலகின் மிகச் சிறிய அரிச்சுவடி' என்று படிக்கும்போது நம்மில் பலர் மனசில் எழும் சித்திரம் என்ன? ஆதிகாலம், காடு, மொழி இன்னும் வளராத நிலை. எனக்கும் அப்படித்தான் எழுந்தது, மறைப்பானேன். நடந்தது நேர்மாறு. ஆறு மெய் என்பதுதான் புதுசு, ஒன்பதுதான் பழசு. அந்த ஆறு மெய்யை வைத்துக்கொண்டு அவர்கள் 'இரண்டு கண்கள்' என்பதற்குத் தனி வடிவம் வைத்திருக்கிறார்கள். ஒருமை, இருமை, பன்மை என்று மூன்றாகப் பிரிக்கிற மொழி அது. வினைச்சொல்லின் வாலில் யார், எத்தனை பேர், வழக்கமாக நடப்பதா என்றெல்லாம் வரிசையாகக் கட்டித் தொங்கவிடுகிறார்கள். அந்த 'தொஉப்பசிவெஇர'வுக்குள் இதெல்லாம் இருக்கிறது. ஒலிப் பட்டியல் சிறியது என்பதால் இலக்கணமும் சிறியதாக இருக்க வேண்டும் என்று எந்தக் கட்டாயமும் இல்லை. எதிர்முனையில் ஆப்பிரிக்காவின் கலஹாரிப் பக்கம் பேசப்படும் தா என்ற மொழி இருக்கிறது. சில கணக்குகளின்படி அதில் மெய்கள் நூறுக்கு மேல். அந்த மொழி பேசுகிறவர்கள் மைய ரொட்டோகாஸ்காரர்களை விடப் பதினாறு மடங்கு அதிகமாக எதையும் சொல்லிவிடுவதில்லை.

கிழவி வாக்கியத்துக்கு ஒருமுறை திரும்பிப் போகலாம். அது மைய வழக்கு. அதில் 'அவுக்கவ' என்ற சொல்லில் இரண்டு வகரம் இருக்கிறது. ஐத்தாக்காரர் வாயில் அவை அதிரும் 'ப'வாக வருமா, 'ம'வாக வருமா, ஒன்று இதுவும் ஒன்று அதுவுமா? எழுத்தை எவ்வளவு நேரம் உற்றுப் பார்த்தாலும் விடை கிடைக்காது. மலையேறிப் போய், அங்கே ஒரு கிழவியைத்தான் கேட்க வேண்டும்.